நப்தலிக்குக் கீழே

என் அப்பாவுக்கு இயேசு நடந்த நாடு முழுக்கத் தெரியும். கொழும்புதான் தெரியாது. கொழும்புக்குப் போக நேர்ந்தால், பஸ்ஸை விட்டு இறங்கியதும் என் கையைப் பிடித்துக்கொள்வார். ஆனால் எந்தக் கோத்திரத்துக்கு எந்த மலை கிடைத்தது, எரிகோவிலிருந்து எருசலேமுக்குப் பாதை எப்படி ஏறும், யோர்தான் எங்கே பிறந்து எந்தக் கடலில் போய்ச் சாகிறது என்று கேட்டுப் பாருங்கள், மூச்சு விடாமல் சொல்வார்.

மஸ்கெலியாவுக்கு மேலே எங்கள் தேயிலைத் தோட்டத்தில் இருக்கும் சின்னக் கோயிலில் அவர்தான் உபதேசியார். ஃபாதர் எப்போதாவது பூசை வைக்க வருவார். மற்ற ஞாயிறுகளில் செபம் சொல்வதும் பிள்ளைகளுக்கு மறைக்கல்வி நடத்துவதும் அந்தோனிமுத்து உபதேசியார்தான். கோயில் சுவரில் வேத நாட்டின் வரைபடம் ஒன்று தொங்கும். மழைக்காலத்து ஈரத்தில் சவக்கடலைச் சுற்றிப் பூஞ்சணம் பிடித்திருக்கும். "மேல வடக்கு, கீழ தெற்கு. மேல தாண், கீழ பெயேர்செபா" என்று பிரம்பால் தட்டித் தட்டிக் காட்டுவார்.

நாங்கள் மலையில் பிறந்தவர்கள். எங்களுக்கு மேலே என்றால் மேடு, குளிர், தோட்டத்தின் மேல் டிவிசன். கீழே என்றால் ஆற்றோரம், ரோடு, கடைவீதி. வடக்கும் தெற்கும் யாருக்கு வேண்டும்? என் தம்பி நிதுஷன் ஒருநாள் வகுப்பில் எழுந்து, "எருசலேம் படத்துல கீழதான இருக்கு, அப்புறம் ஏன் கலிலேயாக்காரங்க எருசலேமுக்கு ஏறிப் போனாங்க?" என்று கேட்டான். அப்பாவுக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. எருசலேம் மலைமேல் இருக்கிறது, படத்தில் கீழே வேறு, மண்ணில் கீழே வேறு என்று அன்றைக்குப் பாடத்தையே விட்டுவிட்டு விளக்கினார். வீட்டுக்கு வந்து அம்மாவிடமும் அதையே சொன்னார். "கொழுந்து பறிச்சிட்டு வந்து குந்துனவகிட்ட வந்து எருசலேம் எங்க இருக்குன்றீங்க" என்றாள் அம்மா.

அந்தத் தம்பிதான் வளர்ந்து, இஸ்ரேலுக்குத் தோட்ட வேலைக்குப் போனான். சண்டை நடக்கும் நாட்டுக்கு எதற்கு என்று நான் கத்தினேன். அப்பா காதிலேயே வாங்கவில்லை. மகன் கூலிக்குப் போகிறான் என்றே அவருக்குத் தோன்றவில்லை. திருயாத்திரை போகிறான் என்றுதான் லயத்து வீடுகள் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தார். எனக்கு எரிச்சலாக இருந்தது. மஸ்கெலியா பாமசியில் மருந்து எடுத்துக் கொடுக்கும் எனக்குத் தெரிந்த உலக நடப்புகூட இந்த மனிதருக்குத் தெரியவில்லையே என்று இருந்தது.

போய்ச் சேர்ந்ததும் தம்பி ஃபோனில் கூப்பிட்டான். அவன் வேலை செய்யும் ஊரின் பெயர் எங்கள் வாயில் நுழையவில்லை. "வேதத்துல என்ன பேருடா?" என்று அப்பா கேட்டார். அவன் யார் யாரிடமோ விசாரித்து, "நப்தலி மலைப்பா. ஆப்பிள் தோட்டம். நம்ம ஊரு மாதிரியே குளிரு" என்றான். அடுத்த ஞாயிறு நப்தலியைப் பற்றித்தான் பாடம். படத்தின் உச்சியில், லெபனோனுக்குப் பக்கத்தில் இருந்தது நப்தலி.

பிறகு அந்த வடக்கு எல்லையில் சண்டை மூண்டது. டீவியில் நியூஸ் போகும்போது அம்மா எழுந்து வெளியே போய்விடுவாள். ஒருநாள் பகலில், அம்மா மலைக்குக் கொழுந்துக்குப் போயிருந்தபோது, தம்பி கூப்பிட்டான். எனக்குக் காய்ச்சல், வீட்டில் படுத்திருந்தேன். அப்பா ஸ்பீக்கரில் போட்டார்.

"அப்பா, இங்க சத்தம் ஜாஸ்தியா இருக்கு. எங்களக் கீழ எறக்கிட்டாங்க."

"கீழயா? எவ்வளவு கீழ?"

"நல்லா கீழப்பா. யோர்தான் பக்கத்துலதான் ஓடுது. வெக்கை தாங்க முடியல, சுவெட்டர் போடுறதே இல்ல."

அப்பாவின் முகம் மலர்ந்துவிட்டது. மேசையில் கிடந்த வேதப் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் இருந்த வரைபடத்தைத் திருப்பி, யோர்தான் வழியே விரலை வைத்துக் கீழே கீழே கொண்டுபோய் எரிகோவில் நிறுத்தினார். "எரிகோப் பக்கம் ஜெரோமி. அங்கதான் வெக்கை. சரியாச் சொல்றான் பாரு" என்று என்னிடம் சொன்னார். எனக்கும் அப்பாடா என்று இருந்தது.

"ஊருக்குப் போக விருப்பமானவங்க பேரு குடுக்கச் சொல்றாங்கப்பா," என்றான் தம்பி. லைன் இரைந்தது. "எனக்கு என்ன செய்றதுன்னு தெரியல. வரவா?"

"கீழதான இருக்க? மேலதான்டா பிரச்சினை. கீழ ஒண்ணும் வராது. நீ இரு. யாரு கூப்பிட்டாலும் மேல மட்டும் போயிராத."

"சரிப்பா," என்றான்.

அம்மா வந்ததும் அப்பா விஷயத்தைச் சொன்னார். பிள்ளையைத் தெற்கே கொண்டுபோய்விட்டார்கள், மேலே போகாதே என்று சொல்லியிருக்கிறேன் என்றார். அம்மா அன்றைக்குத்தான் வயிறாரச் சாப்பிட்டாள்.

கொஞ்ச நாளில் செய்தி வந்தது. வடக்கு எல்லையோரத் தோட்டம் ஒன்றில் குண்டு விழுந்து வேலையாட்கள் செத்தார்கள், அதில் என் தம்பியும் ஒருவன். பெட்டி வந்தது. திறக்க வேண்டாம் என்றார்கள். நாங்கள் திறக்கவில்லை. தோட்டமே வந்து நின்று அழுதது.

அப்பா அழவில்லை. அவருக்குக் கோபம். "வடக்கயாம்! மேல போகாதேன்னு படிச்சுப் படிச்சுச் சொன்னேன். கேக்கலயே. எவனோ கூப்பிட்டான்னு ஏறிப் போயிருக்கான்" என்று வருகிறவர்களிடமெல்லாம் சொன்னார். துக்கம் கேட்க வந்தவர்கள் தேத்தண்ணியைக் குடித்துவிட்டுப் போனார்கள். அம்மாவும் அதை அப்படியே பிடித்துக்கொண்டாள். தம்பியின் படத்துக்கு முன்னால் உட்கார்ந்து, "அப்பா சொன்னாருல்ல? ஏன்டா போன? ஏன்டா போன?" என்று கேட்டுக் கேட்டு அழுவாள். செத்தவனையே குற்றவாளியாக்கி வைத்திருக்கிறார்களே என்று எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஆனால் நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அவன் செத்து ஒரு மாதம் முடியப் போகும் சமயம், பாமசியில் நிற்கும்போது ஒரு ஃபோன் வந்தது. தம்பியோடு வேலை செய்த, வட்டவளை ஊர்ப் பையன் தனுஷன். அழுதான். நான் கேட்டேன், எதற்காக மறுபடியும் மேலே போனான் என்று.

"மேலயா? யாரு போனா? நாங்க கீழயேதான்கா இருந்தோம்."

"எரிகோப் பக்கத்துல இருந்துதான வடக்க போனீங்க?"

"எரிகோவா? நாங்க அங்க போனதே இல்லக்கா. மலையில ஆப்பிள் தோட்டத்துல இருந்தோம்ல, அங்கருந்து அடிவாரத்துக்கு எறக்குனாங்க. பள்ளத்துல நின்னு பாத்தா பழைய தோட்டம் தெரியும். எல்லை பக்கத்துலதான். நான்கூட ஊருக்குப் போயிருவோம்டான்னேன். இல்ல, அப்பாவுக்கு இந்த நாடு நல்லாத் தெரியும், அவரு இருக்கச் சொல்லிட்டாருன்னு பேரு குடுக்க மாட்டேன்னுட்டான்."

நான் கடைக்குப் பின்னால் போய், மருந்துப் பெட்டிகளுக்கு நடுவில் உட்கார்ந்துவிட்டேன். கீழே. நாங்கள் எல்லோரும் ஒரு நாளைக்கு நூறு தடவை சொல்லும் சொல். அவன் மலைக்காரனாகச் சொன்னான். மலையிலேயே பிறந்து வளர்ந்த அப்பா, அந்த ஒரு நேரம் மட்டும் படத்தைப் பார்த்துக் கேட்டார்.

சொல்வதில்லை என்றுதான் முடிவு செய்தேன். சொன்னால் அப்பா உயிரோடு இருக்க மாட்டார். ஊரார் முன்னால் தம்பி சொல்பேச்சுக் கேளாதவனாகவே இருந்துவிட்டுப் போகட்டும், அவனுக்கு இனி என்ன என்று மனதைக் கல்லாக்கிக்கொண்டேன்.

தம்பிக்கான மாதச் செபம் எங்கள் வீட்டில் நடந்தது. லயத்துச் சனம் உள்ளேயும் வாசலிலுமாக உட்கார்ந்திருந்தது. அப்பாதான் செபம் சொன்னார். ஆண்டவரே, எங்கள் மகன் நிதுஷனின் கீழ்ப்படியாமை என்னும் பாவத்தை மன்னித்தருளும் என்றார். அம்மா விம்மினாள். எல்லோரும் "மன்னித்தருளும்" என்றார்கள்.

என்னால் அதற்குமேல் முடியவில்லை.

"அவன் எங்கயும் போகலப்பா," என்றேன். "நீங்க சொன்னபடி கீழயேதான் இருந்தான்."

அப்பா என்னைத் திரும்பிப் பார்த்தார். தனுஷன் சொன்னதையெல்லாம், ஊருக்குப் போகப் பேர் கொடுக்க மாட்டேன் என்றதையும் சேர்த்துச் சொன்னேன்.

"யோர்தான் ஓடுதுன்னானே?"

"அது பிறக்குறதே அங்கதானப்பா. நீங்கதான சொல்லிக் குடுத்தீங்க."

"வெக்கையா இருக்குன்னானே?"

"மலையில இருந்து எறங்குனா வெக்கையாத்தான் இருக்கும். கினிகத்தேனைக்கு எறங்குனா நமக்கு வேர்க்கல?"

அவர் உதடு அசைந்தது. செபத்தைத் தொடரப் போகிறார் என்று நினைத்தேன். நின்ற இடத்திலேயே தரையில் உட்கார்ந்துவிட்டார். "ஒரு மாசமா அவனத் திட்டுனேனே," என்றார். "சொன்னதக் கேட்ட புள்ளயத் திட்டுனேனே."

யாரோ எழுந்து அவர் தோளைப் பிடித்தார்கள். அப்போதுதான் அம்மா முக்காட்டை விலக்கிக்கொண்டு நிமிர்ந்தாள். தம்பியின் அந்த ஃபோன் வந்த அன்றைக்கு அவள் மலையில் இருந்தாள் என்பதை நான் மறந்தே போயிருந்தேன்.

"ஊருக்கு வரவான்னு கேட்டானா?" என்றாள். "என் புள்ள, வரவான்னு கேட்டானா?"

அப்பா நிமிரவில்லை. பதில் சொல்ல வேறு யாரும் இல்லை.

"கேட்டான்மா," என்றேன்.