ஸ்மார்ட் போர்டுக்குச் சந்தனம்

பெருமாநல்லூரில் இருக்கும் அந்தப் பள்ளியின் ஏழாம் வகுப்புக்கு ஸ்மார்ட் போர்டு வந்து இரண்டு வருடமாகிறது. சுற்றியிருந்த பிளாஸ்டிக் உறையைக்கூட இன்னும் யாரும் பிரிக்கவில்லை. இதயம் துடிப்பதைப் பிள்ளைகளுக்கு ஒருமுறை அதில் காட்ட வேண்டுமென்று அறிவியல் ஆசிரியை ஜெயபாரதி கேட்கும்போதெல்லாம், தாளாளர் கந்தவேலிடமிருந்து ஒரே பதில்தான் வரும்.

"புள்ளைங்க கை பட்டாக் கெட்டுப் போயிருமுங்க டீச்சர்."

சேர்க்கைக்கு வரும் பெற்றோரை மட்டும் அவரே கூட்டிவந்து, சாமி தரிசனம்போலத் தள்ளி நிற்கவைத்துக் காட்டுவார்.

ஆயுத பூசை விடுமுறைக்கு முந்தின நாள் ஜெயபாரதி கரும்பலகையில் இதயம் வரைந்துகொண்டிருந்தபோது, கந்தவேல் தட்டோடு நுழைந்தார். உறைக்கு மேலேயே சந்தனத்தை அப்பி, குங்குமம் வைத்துக் கற்பூரம் காட்டினார். பிள்ளைகள் எழுந்து கைகூப்பினார்கள். ஒரு பள்ளிக்கூடத்தை இந்த மனிதர் கையில் கொடுத்திருக்கிறார்களே என்று அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அவருடைய பனியன் கம்பெனியிலும் இதே பூசைதான். ஆனால் லீவு முடிந்த காலையில் அங்கே மெஷின்கள் சந்தனப் பொட்டோடே ஓடும்.

"உங்க கம்பெனி மிசினெல்லாம் பூசை முடிஞ்சா ஓடுதுங்களே, சார். இதையும் ஓட்டலாமுங்களா?" என்றாள்.

கந்தவேல் அவளை நிஜமாகவே பரிதாபத்தோடு பார்த்தார்.

"அது ஓடுனா பனியன் வருதுங்க டீச்சர். இது ஓடுனா என்னங்க வரும்?"

சொல்லிவிட்டு, சாக்பீஸ் தூள் அப்பியிருந்த அவள் கையில் ஒரு பிடி பொரியை வைத்தார்.