கேமரா நிற்கும் பக்கம்

மகள் வருவதற்குள் அந்த அறையைப் பழசாக்கிவிட வேண்டும் என்று அவர் அவசரப்பட்டார்.

அவர் கலை இயக்குநர். சினிமாவுக்கு வீடு கட்டிக் கட்டித் தலை நரைத்தவர். புதுச் சுவரைப் பழசாக்குவதில் பெயரெடுத்தவர். டீத்தண்ணீரில் நனைத்த துணியால் சுவிட்சைச் சுற்றித் துடைத்தால் பல வருடம் கைபட்ட அழுக்கு வந்துவிடும். நாற்காலியின் கையை உப்புத்தாளால் தேய்த்தால், யாரோ ஒருவர் அதிலேயே உட்கார்ந்து கிழவரானார் என்று பார்ப்பவர்கள் நம்புவார்கள். எந்தப் படமானாலும் இயக்குநரிடம் அவர் முதலில் கேட்பது ஒன்றுதான்: இந்த வீட்டில் யார் இருக்கிறார்கள்?

மனைவி பிரிந்து போனபோது மகளும் அம்மாவோடு போனாள். அப்போது அவள் சின்னப் பெண். இப்போது அவளுக்கு இந்த ஊரில் கல்லூரியில் இடம் கிடைத்திருக்கிறது. அப்பா வீட்டில் தங்குவதா, விடுதியில் தங்குவதா என்று அறையைப் பார்த்துவிட்டுச் சொல்வதாக அம்மாவிடம் சொல்லியிருந்தாள். விடுதிக்குப் பதில் சொல்ல இன்றுதான் கடைசி நாள்.

அவருடைய எல்லாப் படத்திலும் வேலை பார்த்த தச்சர் கட்டில் காலைக் கீறிக்கொண்டிருந்தார். செட்டில் எல்லோருக்கும் அவர் ஆணி; சின்ன வயதில் மகளுக்கு ஆணி மாமா.

"புள்ளைக்குப் புதுக் கட்டில் வாங்கிட்டு அதைப் போய் ஏன் சார் சொறியச் சொல்றீங்க?"

"புதுசா இருந்தா ஹோட்டல் ரூம் மாதிரி இருக்கும்யா. அவ எப்பவும் இங்கயே இருந்த மாதிரி இருக்கணும்."

"அப்படியே ஒரு நாள் என் வீட்டுக்கும் வந்து புதுசாக்கிக் குடுங்க. அது தானாவே பழசாயிடுச்சு."

மகள் மதியம் வந்தாள். தோளிலிருந்து பையை இறக்காமல் அறை நடுவே வந்து நின்றாள். மேசையில் பல் பதிந்த பென்சில்கள். அலமாரியில் பாதி கிழிந்த ஸ்டிக்கர். கட்டிலடியில் குதிகால் தேய்ந்த செருப்பு. அவள் சீப்பை எடுத்தாள். அதில் நீளமாக இரண்டு முடி.

"யாருப்பா இங்க இருக்கா?"

"யாரும் இல்லையே."

"இந்தச் செருப்பு யாரோடது? அந்தப் பொண்ணு எங்க?"

"எந்தப் பொண்ணு?"

"விளையாடாதப்பா. கல்யாணம் பண்ணிக்கிட்டியா? அவங்க பொண்ணா?"

அவருக்கு ஒன்றும் பிடிபடவில்லை. ஆணியைப் பார்த்தார். ஆணி ஜன்னலைப் பார்த்தார்.

"எல்லாம் உனக்காகப் பண்ணினதும்மா."

"இந்தச் செருப்புல என் கால் பாதிதான் போகும். இந்த முடி?"

"விக்குல இருந்து எடுத்தோம்," என்றார் ஆணி. "நல்ல விக்கும்மா. கதாநாயகி வச்சது."

அவள் சிரிக்கத் தொடங்கி, பாதியில் நிறுத்திக்கொண்டாள். அது ஏன் என்று அவருக்குத் தெரியவில்லை. இயக்குநருக்கு விளக்குவது போல விளக்கினார். "இவ படம் வரைவா. யோசிக்கும்போது பென்சிலைக் கடிப்பா. ஸ்டிக்கர் ஒட்டுவா, பெரியவளானதும் வெக்கப்பட்டுக் கிழிப்பா."

"யாரு?"

"நீதான்."

"நான் வரையறதை எப்பவோ விட்டாச்சுப்பா."

"அப்ப இப்ப என்ன பண்றே?"

அவள் திரும்பினாள். கதவுப் பக்கத்துச் சுவர் வெறுமையாக இருந்தது. கறை இல்லை, கீறல் இல்லை. ஒரு கொக்கி கூட இல்லை.

"இங்க மட்டும் ஏன் ஒண்ணுமே இல்ல?"

அவரும் ஆணியும் ஒன்றாகத் திரும்பிப் பார்த்தார்கள். இத்தனை நாள் இந்த அறைக்குள் வேலை செய்தும் இருவரும் அதைக் கவனித்திருக்கவில்லை.

"அது கேமரா நிக்கிற பக்கம்," என்றார் ஆணி. "அதைச் செய்ய மாட்டோம். படத்துல வராது."

"எந்தக் கேமரா?"

ஆணி தலையைச் சொறிந்தார்.

அவள் அந்தச் சுவரில் உள்ளங்கையை வைத்து எடுத்தாள். பையை இறக்கினாள். "ஆணி மாமா, ஒரு கை புடிங்க."

இருவரும் கட்டிலை இழுத்து அந்தச் சுவரை ஒட்டிப் போட்டார்கள். செருப்பையும் சீப்பையும் கொண்டுவந்து அப்பா கையில் கொடுத்தாள்.

"அந்தப் பொண்ணு வந்தா குடுத்துடு."

பிறகு அம்மாவுக்குப் போன் செய்தாள். "ஹாஸ்டல் வேணாம்னு சொல்லிடும்மா... ரூமா? எப்படிச் சொல்றது. எனக்கே புரியல. வந்து பாரு."

ஆணி கருவிப் பெட்டியை மூடிக்கொண்டு கிளம்பினார். அப்பா கையில் செருப்போடு நின்றுகொண்டிருந்தார். வேலை முடிந்ததும் எந்த செட்டிலும் அவர் கேமரா நிற்கும் பக்கம் போய் நின்றுதான் சரிபார்ப்பார். இப்போது அங்கே கட்டில் இருந்தது.

"உக்காருப்பா."

கட்டில் விளிம்பில் உட்கார்ந்தார். அங்கிருந்து பார்க்க அறை கச்சிதமாக இருந்தது. ஒரு பெண் இப்போதுதான் எழுந்து வெளியே போயிருக்கிறாள். நன்றாகத் தெரிந்தது. அவள் யார் என்றுதான் தெரியவில்லை.

"இப்ப என்னம்மா பண்றே?" என்று மறுபடியும் கேட்டார்.

பக்கத்தில் உட்கார்ந்து அவள் சொல்லத் தொடங்கினாள். ஏதோ பூச்சிகளைப் பற்றி. அவருக்குப் பாதிதான் புரிந்தது.