பாலத்துக்கு முன்னால் உறையும் ரயில்

ரயில் பாலத்தை நெருங்கும்போதெல்லாம் திரை உறைந்துவிடும். அருவி அந்தரத்தில் தொங்கும். பாலத்து வளைவில் வேகத்தைக் குறைக்க வேண்டும். உறைந்த திரையில் எந்த விசையும் வேலை செய்யாது. திரைக்கு உயிர் வரும்போது ரயில் ஆற்றில் கிடக்கும்.

ஜாவா என்னும் நிரல்மொழியில் எழுதப்பட்ட அந்தக் கணினி விளையாட்டில், கட்டைமேல் கட்டை அடுக்கி ஓர் ஊரையே எழுப்பியிருந்தார் அண்ணியின் கணவர். "பாலத்துக்கு அந்தப் பக்கம் உனக்குன்னு ஒண்ணு கட்டறேன். ரயில்லதான் வரணும்" என்று சொல்லியிருந்தார். மாரடைப்பில் அவர் போன பிறகு, அண்ணியால் ஒருமுறைகூட அங்கே போய்ச் சேர முடியவில்லை.

ஞாயிறு மதியம் நாத்தனார் வந்து கணினி முன் உட்கார்ந்தாள். மருத்துவமனைக் கணினிகளைப் பராமரிப்பது அவள் வேலை. விளையாட்டின் காட்சி அமைப்பில் நிழல்களை அணைத்தாள். பார்வைத் தூரத்தைக் குறைத்தாள். கணினியின் விசிறியில் அடைந்திருந்த தூசியைத் துடைத்தாள்.

"மூக்கச் சிந்தி விட்டாச்சு அண்ணி, இன்னும் மூச்சு முட்டுது."

"உங்க அண்ணன் வாங்கினதாச்சே, பிடிவாதம் இருக்காதா?"

பிறகு நினைவக அமைப்பைத் திறந்தாள்.

"மொத்தமே எட்டு ஜிபி. அதுல ஏழைத் தூக்கி விளையாட்டுக்குக் குடுத்தது யாரு, அண்ணனா?"

"நான்தான்."

"எதுக்கு?"

அண்ணி புடவைத் தலைப்பைத் திருகினாள். "நீதானே போன்ல சொன்னே, இடம் நிரம்பினா ஜாவா குப்பை அள்ள வரும்னு. யாரும் பிடிச்சு வெச்சுக்காததுதான் அதுக்குக் குப்பைன்னு. அவர் அங்க கட்டினத இப்ப யாரு பிடிச்சு வெச்சிருக்கா? இடம் நிரம்பவே கூடாதுன்னு ஏத்திக்கிட்டே போனேன்."

நாத்தனாருக்கு வாயில் வந்த கேலி அங்கேயே நின்றுவிட்டது. நாற்காலியை அண்ணி பக்கம் திருப்பினாள்.

"மழை பெய்யுதுன்னா, ஒவ்வொரு துளி எங்க இருக்குன்னு ஒரு குறிப்பு வேணும் அண்ணி. துளி விழுந்ததும் அந்தக் குறிப்பு யாருக்கும் வேண்டாம். ஜாவா அள்றது அதைத்தான். அண்ணன் கட்டினது டிஸ்க்ல தனிக் கோப்பா இருக்கு. அந்தப் பக்கம் அது எட்டிக்கூடப் பாக்காது."

"சத்தியமா?"

"சத்தியமா."

கோப்புறையைத் திறந்து காட்டினாள். ஊர் முழுவதையும் ஒரு பென் டிரைவில் நகலெடுத்து அண்ணியின் உள்ளங்கையில் வைத்தாள்.

"அப்ப ஏன் உறையுது?"

"ஏழு போனா மிச்சம் ஒண்ணு. மத்த வேலைக்கெல்லாம் அது பத்தல. அதனால கம்ப்யூட்டர், விளையாட்டோட நினைவகத்துலயே கொஞ்சத்தை டிஸ்க்குக்குத் தள்ளி வைக்குது. பாலத்துக்கிட்ட அருவி, பனி, பறவைன்னு குறிப்பு குவிஞ்சு ஏழும் நிரம்புது. அள்ளறதுக்கு முன்னாடி எது வேணும், எது வேண்டாம்னு தேடணுமே? தள்ளி வெச்சதெல்லாம் டிஸ்க்லேருந்து திரும்பி வரணும். டிஸ்க் ஆமை. அதுவரைக்கும் விளையாட்டு மூச்சு விடாம நிக்குது."

நினைவக அமைப்பில் ஓர் எண்ணை மாற்றிவிட்டு விளையாட்டை மறுபடி தொடங்கினாள். வண்டியை அண்ணிதான் ஓட்டினாள். வளைவில் வேகம் குறைந்தது. அருவி விழுந்துகொண்டே இருக்க, ரயில் பாலத்தைக் கடந்தது.

அந்தப் பக்கம் ஆற்றைப் பார்த்தபடி ஒரு வீடு. மூன்று சுவர்கள்தான் எழும்பியிருந்தன. கூரை இல்லை.

அண்ணி ரயிலை விட்டிறங்கி வீட்டை ஒரு சுற்றுச் சுற்றினாள். பிறகு, "கட்டை எங்க இருக்கும்?" என்று கேட்டாள். நாத்தனார் திரையில் கட்டைகள் இருந்த பெட்டியைக் காட்டினாள். அண்ணி நான்காவது சுவரைத் தொடங்கினாள். திரை ஒருமுறைகூட நிற்கவில்லை.

மாற்றியது ஒரே ஓர் எண்: விளையாட்டுக்கு ஏழு ஜிபிக்குப் பதில் மூன்று. மீதி ஐந்து கணினிக்கு.