நமது உறுப்பினர்

செகரட்டரி கோதண்டபாணி கேட்டுக்குப் பக்கத்துக் கரும்பலகையில் 'பி பிளாக் ஏழாம் எண் வீட்டில் குடியிருந்த திரு. வைரவன்' என்று எழுதிக்கொண்டிருந்தபோது, கேட்டுக்கு எதிரே கீழ்த்தளத்தில் வைத்திருந்த புருஷனின் ஐஸ் பெட்டிக்குத் தலைமாட்டில் உட்கார்ந்திருந்த சரோஜாதேவி அழுகையை நிறுத்திவிட்டாள்.

குடியிருந்த. வாடகைக்கு வந்து காலி செய்துபோனவரைச் சொல்வதுபோல. உறுப்பினர் யாராவது இறந்தால் 'நமது உறுப்பினர்' என்றுதான் அந்தப் பலகை தொடங்கும்.

நந்தனத்தில் அந்தப் பழைய கூட்டுறவு வீட்டுவசதிச் சங்கக் குடியிருப்பில், வைரவனும் தம்பி ராம்குமாரும் ஒரே நாளில் எதிரெதிர் வீடுகளை வாங்கினார்கள். தி. நகரில் பாத்திரக்கடையும் இருவருக்கும் பொது. உறுப்பினர் உரிமை புதுப் பெயருக்கு மாற வேண்டுமென்றால் மாற்றுக் கட்டணம் கட்டச் சொல்லிச் சங்கம் கேட்டது. ராம்குமார் மறுபேச்சு இல்லாமல் கட்டி, மனைவி பொன்மணியின் பெயரில் வாங்கிய வீட்டுக்கு அவளையே உறுப்பினர் ஆக்கினான். விதியில் இல்லாத பணத்தை எதற்குக் கட்ட வேண்டும் என்று வைரவன் வழக்குப் போட்டார். துணைப்பதிவாளர், தீர்ப்பாயம், உயர்நீதிமன்றம் என்று அது நடந்துகொண்டே இருந்தது. அதற்குள் மகன் பாலகணேஷ் பள்ளிக்கூடத்தையும் கல்லூரியையும் முடித்துவிட்டான்.

விதி எப்படியோ போகட்டும். சரோஜாதேவிக்கு ஓரகத்தியைப் பார்த்துத்தான் வயிறு எரிந்தது. வருஷாந்திரக் கூட்டத்துக்குப் பொன்மணி பட்டுச் சேலையில் இறங்கிப் போவாள். இவள் பால்கனியில் நின்று, காய்ந்த துணியையே திருப்பித் திருப்பிப் போடுவாள். பொன்மணி கையைத் தூக்கினால் ஓட்டு; இவள் தூக்கினால் கொடியில் துணி. தீபாவளிக்குச் சங்கம் கொடுக்கும் ஸ்வீட்டில் பாதியைப் பொன்மணி "அக்கா" என்று கூப்பிட்டு நீட்டுவாள். நல்ல மனதோடுதான் கொடுத்தாள். சரோஜாதேவிக்கு அதுதான் தாங்கவில்லை. வாங்கி, வேலைக்காரிக்குக் கொடுத்துவிடுவாள்.

போன மாதம் தீர்ப்பு வந்தது. கட்டணம் வாங்காமல் வைரவனைச் சேர்க்க வேண்டும். வரும் ஞாயிற்றுக்கிழமைப் பொதுக்குழுவில் பெயரை வாசிப்பதாக இருந்தது. சரோஜாதேவி மயில் கழுத்து நிறத்தில் பட்டு எடுத்து, ஜாக்கெட்டைத் தையல்காரரிடம் கொடுத்திருந்தாள். இன்று காலை ஷேவ் செய்துகொண்டிருந்தவர் அப்படியே சரிந்தார். டாக்டர் கையை விரித்தபோது, அழுகைக்கு நடுவே ஞாயிற்றுக்கிழமையும் போயிற்றே என்று ஒரு நினைப்பு வந்தது. சீ என்று தன்னையே வெறுத்தாள். ஆனாலும் வந்தது.

பாலகணேஷைக் கூப்பிட்டு, பலகையை மாற்றி எழுதச் சொல்லி அனுப்பினாள். கோதண்டபாணி சங்கடப்பட்டார்.

"தம்பி, பொதுக்குழு இன்னும் பாஸ் பண்ணலை. நான் பாட்டுக்கு எழுதிட்டேன்னா, நாளைக்கு எவனாவது போட்டோ எடுத்துக் கோர்ட்டுல காட்டுவான். என் தலைதான் உருளும்."

பெண்கள் கூட்டத்திலிருந்து பொன்மணி எழுந்து போனாள். தலைமயிர் அவிழ்ந்து, மூக்கு சிவந்திருந்தது.

"அழிச்சுட்டு எழுதுங்க சார். யாராவது கேட்டா நான் சொன்னேன்னு சொல்லுங்க. நானும் மெம்பர்தானே."

கோதண்டபாணி அவளைப் பார்த்தார். பிறகு கைக்குட்டையால் முதல் வரியைத் துடைத்துவிட்டு, 'நமது உறுப்பினர்' என்று எழுதினார்.

இத்தனை வருஷம் ஏங்கிய வார்த்தை கண்ணுக்கு நேரே இருந்தது. சரோஜாதேவிக்கு அதைப் படிக்கப் பிடிக்கவில்லை. அதுவும் ஓரகத்தி கொடுத்துத்தான் வர வேண்டுமா? பொன்மணி திரும்பி வந்து தோளில் கை போட்டபோது சரோஜாதேவியின் உடம்பு விறைத்துக்கொண்டது. சொந்தக்காரிகள் அதைத் துக்கம் என்று எடுத்துக்கொண்டு, இன்னும் பெரிதாக அழுதார்கள்.

சாயங்காலம் சுடுகாட்டிலிருந்து ஆண்கள் திரும்பினார்கள். கீழே மோட்டார் குழாயில் குளித்துவிட்டு ராம்குமார் ஈர வேட்டியோடு மாடியேறி வந்தான். இரண்டு வீட்டு வாசலுக்கும் நடுவே நின்றான். உள்ளே விளக்குக்குப் பக்கத்தில் சரோஜாதேவி உட்கார்ந்திருந்தாள்.

"மதினி, எல்லார்கிட்டயும் பேசிட்டேன். ஞாயித்துக்கிழமை உங்க பேரையே வாசிச்சுருவாங்க. அண்ணன் இடத்துல இனிமே நீங்கதான் மெம்பர்."

சரோஜாதேவி தலையை மட்டும் ஆட்டினாள். இனி அவளும் நாற்காலியில் உட்காரலாம், கையைத் தூக்கலாம்.

எதிர் வீட்டுக் கதவு திறந்தது. பொன்மணி துண்டோடு வந்தாள். "இப்படி ஈரத்தோட நின்னா சளி பிடிக்காதா உங்களுக்கு," என்று முணுமுணுத்துக்கொண்டே புருஷன் தலையைப் பிடித்துக் குனியவைத்து, பிள்ளைக்குத் துவட்டுவதுபோல் அழுத்தித் துவட்டினாள். அவனும் குனிந்து கொடுத்தான்.

சரோஜாதேவி கண்ணை எடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பொன்மணி அதைக் கவனித்துவிட்டாள். அவள் கை நின்றது. துண்டை அவன் கையில் வைத்துவிட்டு உள்ளே போனாள். ராம்குமார் அதைப் பிடித்தபடி, தலையில் தண்ணீர் சொட்டச் சொட்ட வாசலிலேயே நின்றான்.