காலி பெஞ்சு

1
செலவு கட்டுப்படியாகவில்லை என்று ஒரு கல்லூரி சரித்திரத் துறையை மூடுகிறதாம். அதைப் படித்த எரிச்சலில் எழுதுகிறேன். பெயர் போட்டால் வழக்குப் போடுவார்கள். அதனால் 1932, திருச்சிராப்பள்ளி, பெயரில்லாத ஒரு கல்லூரி.

முதல் வரி: ‘காவிரிப் பாலத்தின் மேல் சூரியன்...’ வேண்டாம். கோபத்தில் சூரியன் எதற்கு?

2
சரித்திர லெக்சரர் நஜிமுதீனை பிரின்ஸ்பால் உட்காரச் சொல்லவில்லை.

“எங்க பார்த்தாலும் ஆட்குறைப்பு, மிஸ்டர் நஜிமுதீன். உங்க துறையை...”

“கணக்குத் துறையில இதைவிடப் பசங்க கம்மி சார்.”

“அவங்க உறையூர் தறிக்காரனைக் கம்பெனிக்காரன் பிழிஞ்ச கதையெல்லாம் நடத்தலையே. அந்தப் பாடத்தை நிறுத்துங்க, துறையை மூடாம இருக்கறதைப் பத்தி யோசிக்கலாம்.”

(இவ்வளவு பச்சையாகப் பேசுவாரா? அறைக்குள் பேசுவார். நோட்டீஸ் போர்டில் ‘சிக்கனம்’ என்றுதான் இருக்கும்.)

3
மாணவர்கள் கொதித்தார்கள். கொதித்தால் அவர்களுக்குத் தெரிந்தது பகிஷ்காரம். பிலோமின்ராஜ் தலைமையில் சரித்திர வகுப்பே வாசலில் நின்று கோஷம் போட்டது. நஜிமுதீனுக்கு நெஞ்சு நிறைந்... அடித்துவிட்டேன். அவர் ஜன்னல் வழியாக வகுப்புக்குள் எட்டிப் பார்த்தார். உள்ளே பிரின்ஸ்பால், துறையை மூடுவதா என்று பார்க்க வந்த நிர்வாகக் கமிட்டிக்காரர்களுக்கு வகுப்பறையைக் காட்டிக்கொண்டிருந்தார்: “பாருங்க, இந்தப் பாடத்துக்கு ஆளே இல்லை.” திங்கட்கிழமை மறுபடி பார்த்துவிட்டு முடிவு செய்வதாகச் சொல்லிவிட்டு அவர்கள் போனார்கள்.

“முட்டாப்பயலே, உள்ள உக்காருடா!” என்றார் நஜிமுதீன்.

“போராட்டம்னா வெளிய வர்றதுதானே சார்?” என்றான் பிலோமின்ராஜ்.

“காலி பெஞ்சை நீயே அவருக்குக் குடுத்துட்டியே!”

4
திங்கட்கிழமை பெஞ்சுகள் நெரிந்தன. சரித்திர வகுப்போடு, பிலோமின்ராஜ் கூட்டிவந்த கணக்குப் பையன்கள், பௌதிகப் பையன்கள். முன்வரிசையில் ஸ்ரீரங்கத்து தேசிகன், நெற்றியில் திருமண்ணோடு.

“சமஸ்கிருதக்காரனுக்கு இங்க என்னப்பா வேலை?” என்றார் நஜிமுதீன்.

“நாளைக்கு எங்க துறைமேல கை வச்சா, இவாளும் வந்து உக்காரணுமோல்லியோ சார்!”

“ஸ்வாமி, பேசுனது போதும், நகரும்,” என்று இடித்தான் பிலோமின்ராஜ்.

கமிட்டி கடைசி வரிசையில். அன்றைய பாடம் உறையூர். வாசலில் நின்ற பிரின்ஸ்பால், ‘அது வேண்டாம்’ என்று விரலை ஆட்டினார்.

5
முடிவு ஒன்று: வேறு பாடம் நடத்துகிறார். வேலை தப்புகிறது. எழுதக் கை கூசுகிறது.

முடிவு இரண்டு: உறையூரையே நடத்துகிறார், கமிட்டி மனம் மாறுகிறது. எந்த ஊர்க் கமிட்டி?

முடிவு மூன்று: நடத்துகிறார், துறையை மூடுகிறார்கள், அவர் தென்னூர் வீட்டுக்கு...

இல்லை. இதை நான் ஒருவனாக முடிக்க மாட்டேன். நஜிமுதீன் பலகையில் ‘உறையூர்’ என்று எழுதிவிட்டுத் திரும்பினார். அதுவரைதான் என் கதை. பிலோமின்ராஜ் நகர்ந்து இடம் விட்டிருக்கிறான். படிக்கிற நீங்களும் வந்து உட்காருங்கள். அந்த ஓர் இடம் காலியாக இருந்தாலும் அதைத்தான் காட்டுவார்கள்.