பின்கதவுச் சங்கிலி

அந்தச் சங்கிலியை அவள் ஏற்கெனவே ஒருமுறை வெட்டிப் போட்டிருந்தாள். அது மறுபடி முளைத்திருந்தது. இந்த முறை விரல் தடிமனில், பெரிய பூட்டோடு.

பேட்டரி செய்யும் அந்தத் தொழிற்சாலையில் அவள் பாதுகாப்பு அலுவலர். கழுத்தில் எப்போதும் ஒரு விசில் தொங்கும். முகக்கவசம் இல்லாமல் யாராவது ரசாயனத் தொட்டிப் பக்கம் போனால் ஊதுவாள். நடைபாதையில் அட்டைப்பெட்டி கிடந்தால் ஊதுவாள். எல்லோருக்கும் அவள் விசிலக்கா. "தூங்கும்போதும் ஊதுவீங்களாக்கா?" என்று கேட்டால், "இன்னைக்கு உன் கனவுல வந்து ஊதுறேன் பாரு" என்பாள்.

சங்கிலி போட்டவன் அவளுடைய கொழுந்தன். அங்கேயே காவலர்களுக்குத் தலைவன். கல்யாணம் ஆகாதவன், அவர்கள் வீட்டு மாடி அறையில்தான் இருந்தான். அன்று காலைச் சாப்பாட்டின்போதே அவள் ஆரம்பித்துவிட்டாள்.

"நான் வெட்டின சங்கிலி எப்படித் தம்பி திரும்ப வந்துச்சு?"

"பேட்டரி செல்லு காணாமப் போகுது அண்ணி. பின்கதவு வழியாத்தான் போகுது. மேனேஜர் பூட்டச் சொன்னாரு, பூட்டினேன்."

"உள்ள இருக்கறவங்க தள்ளினா அந்தக் கதவு தொறக்கணும். சட்டம் அது."

"சாவி என் இடுப்புலதான இருக்கு. ஒரு குரல் குடுத்தா ஓடி வரப்போறேன்."

"புகை சூழ்ந்த பிறகு உன் இடுப்ப எங்கன்னு தேடுறது?"

பேருந்து ஓட்டுநரான அவள் கணவன் தட்டிலிருந்து தலையைத் தூக்கினான். "ரெண்டு பேரும் வாயைச் சாப்பிடறதுக்கு மட்டும் தொறங்க. எனக்கு நேரமாச்சு."

அந்தக் கதவு ஊறல் அறையின் பின்கதவு. புதிதாகச் செய்து முதன்முறை மின்னேற்றிய செல்களை அடுக்குகளில் வைத்துச் சில நாள் அப்படியே விட்டுவிடுவார்கள். கெட்டவை அந்த நாட்களில் தாமாகவே காட்டிக்கொடுத்துவிடும். தகடு மாதிரி இருக்கும் செல் வயிறு உப்பிக்கொண்டு நிற்கும். உப்பியதைத் தனியே எடுத்து, மின்சாரத்தை வடித்து, மணல் பீப்பாயில் போட்டு, உலோகத்தைப் பிரித்தெடுக்கும் ஆலைக்கு அனுப்ப வேண்டும். பேட்டரி தயாரிப்பவர்களுக்கு வந்திருந்த புதுச் சட்டம் இன்னும் ஒன்று சொன்னது. கழித்தவற்றிலிருந்து மீட்டெடுத்த பொருளில் ஒரு பங்கு புதிய பேட்டரியில் சேர வேண்டும்.

மேனேஜர் அதற்கு ஒரு குறுக்குவழி கண்டுபிடித்திருந்தார். உப்பிய செல்களைத் துளையிட்டுக் காற்றைப் பிதுக்கி, அழுத்தி ஒட்டி, மறுபடி மின்னேற்றி அடுக்கில் வைக்கச் சொன்னார். பெயர் மட்டும் மீட்பு. சோதனைக்கு வரும் அதிகாரிகள் கண்ணில் முதலில் அதுவே படட்டும் என்று, அந்த அடுக்கை முன்கதவை ஒட்டியே நிறுத்தியிருந்தார்.

அதிகாரிகள் வருவதும் அன்றுதான்.

"அந்த அடுக்கை இப்பவே வெளிய எடுங்க சார். சங்கிலியையும் கழட்டணும்" என்றாள் அவரிடம்.

"இன்னைக்கு ஒருநாள் பொறுத்துக்கம்மா. அவங்க போகட்டும், நீ சொன்னபடியே செஞ்சிடலாம்."

"நீங்க சொல்றபடி அந்தச் செல்லு பொறுத்துக்குமா சார்?"

அவர் கழுத்துப்பட்டையைச் சரிசெய்துகொண்டு வாசலுக்குப் போய்விட்டார். அவள் நேராகக் கருவி அறைக்குப் போனாள். சங்கிலி வெட்டும் கட்டர் ஆணியில் இல்லை.

"உங்க கொழுந்தன் காலையிலேயே எடுத்துட்டுப் போயிட்டாருக்கா" என்றார் அங்கிருந்த ஃபிட்டர். "நீங்க வருவீங்கன்னு சொன்னாரு."

அதிகாரிகள் வந்துசேரும் முன்பே, அவள் அங்கிருந்து திரும்பும்போது, முதல் சத்தம் கேட்டது. பெரிய சத்தமில்லை. தடித்த துணியை யாரோ ஒரே இழுப்பில் கிழித்ததுபோல இருந்தது. அடுத்தடுத்து இன்னும் பல. பிறகு எண்ண முடியவில்லை.

ஊறல் அறையின் முன்கதவு தீயைக் கக்கிக்கொண்டிருந்தது. ஒரு செல் வெடித்தால் அந்தச் சூட்டில் பக்கத்துச் செல் வெடிக்கும். அடுக்கு முழுவதும் அப்படித்தான் போய்க்கொண்டிருந்தது. ஒவ்வொன்றும் வெல்டிங் குழாய்போல நீளமாகத் தீயைச் சீறியது. கிழிந்த தகடுகள் எரிந்தபடியே பறந்து சுவரில் ஒட்டின. தீயணைப்பு உருளையோடு ஓடிய ஒருவன் முகத்தைப் பொத்திக்கொண்டு புரண்டான். வெள்ளைப் புகை தரையோடு தவழ்ந்து வந்தது. தொட்ட தொண்டையை அறுத்தது.

உள்ளே ஐந்து பேர் இருந்தார்கள். முன்பக்கம் வர வழியில்லை.

அவள் பின்பக்கம் ஓடினாள். கதவு அதிர்ந்துகொண்டிருந்தது. உள்ளேயிருந்து கைகளால், பிறகு எதையோ தூக்கி, பிறகு உடம்புகளாலேயே இடித்தார்கள். ஒவ்வொரு இடிக்கும் கதவு ஒரு விரற்கடை திறந்து சங்கிலியில் முட்டி நின்றது. அந்த இடுக்கு வழியாகப் புகையும் விரல்களும் வெளியே வந்தன.

"சாவி எங்க? அவன் எங்க?" என்று கத்தினாள்.

கொழுந்தன் வந்தான். வாசலிலிருந்து ஓடித்தான் வந்தான். சாவி கையில் இருந்தது. கதவுக்குச் சற்றுத் தொலைவில், சுவர் ஓரமாக ஒரு செல் வெடித்துக் கூரைத் தகட்டைப் பிய்த்துக்கொண்டு போனது. அவன் நின்றுவிட்டான். கால் அதற்குமேல் நகரவில்லை.

"குடுடா அதை" என்று அவள் பிடுங்கினாள். பூட்டு கொதித்தது. சாவித் துளைக்குள் ஏதோ உருகி இறங்கியிருந்தது. சாவி பாதி நுழைந்து நின்றது. அவள் உள்ளங்கைத் தோல் பூட்டில் ஒட்டிக்கொண்டு வந்தது.

அப்போதுதான் ஃபோர்க்லிஃப்ட் வந்தது. ஓட்டியவனை எல்லோரும் யானை என்பார்கள். ஆளும் அப்படி, அசைந்து வரும் நடையும் அப்படி. யாரையும் அதட்டாதவன். அவன் மனைவி உள்ளே இருந்தாள். செல்களின் வோல்ட்டை அளந்தபடி நாள் முழுக்கப் பாடிக்கொண்டிருப்பதால் குயில் என்று பெயர் வாங்கியவள். யானை வண்டியின் இரும்புக் கரங்களைச் சங்கிலிக்கும் கதவுக்கும் நடுவில் செருகி, மேலே தூக்கி, பின்னால் இழுத்தான். சங்கிலி அறுபடவில்லை. கைப்பிடிகள் போல்ட்டோடு பிய்ந்து வந்தன.

கதவு திறந்ததும் மூன்று பேர் ஒருவர்மேல் ஒருவராக வெளியே விழுந்தார்கள். ஒருத்தியின் தலைமுடி எரிந்துகொண்டிருந்தது. விசிலக்கா புகையில் மூச்சுவிட உதவும் காற்றுப்பெட்டியை முதுகில் மாட்டிக்கொண்டு உள்ளே போனாள். யானை ஈரச் சாக்கை மட்டும் முகத்தில் சுற்றிக்கொண்டு போனான். கதவுக்கு அருகிலேயே கிடந்த வயதான உதவியாளரை அவள் இழுத்து வந்தாள். யானை தன் மனைவியைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தான்.

இருவருக்கும் மூச்சில்லை. குயிலின் பத்து விரல்களிலும் நகம் இல்லை.

யானை அவளைத் தரையில் கிடத்தி, மேல்சட்டையை இழுத்துச் சரிசெய்தான். பிறகு கொழுந்தனைப் பார்த்தான். அங்கிருந்த எல்லோரும் கொழுந்தனைப் பார்த்தார்கள்.

முதலில் அவனிடம் போய்ச் சேர்ந்தவள் விசிலக்காதான். பிய்ந்து கிடந்த சங்கிலியை எடுத்திருந்தாள். எப்போது எடுத்தாள் என்று அவளுக்கே தெரியாது. "ஓடி வர்றேன்னியேடா" என்று சொல்லிக்கொண்டே அவன் முகத்தில் வீசினாள். எலும்பு நொறுங்கும் சத்தம் கேட்டது. அவன் முகத்தைப் பொத்தினான். கைகளுக்கு மேலேயே இன்னொரு முறை அடித்தாள். விரல்களுக்கு இடையில் ரத்தம் குபுகுபுவென்று வந்தது. அவன் சாய்ந்தான்.

அது மற்றவர்களுக்கு உத்தரவு கொடுத்தாற்போல் ஆகிவிட்டது. உதைத்தார்கள். ஹெல்மெட்டால் அடித்தார்கள். ஒருவன் அவன் கையை மிதித்து நின்று திருகினான். நேற்றுவரை அவனோடு தேநீர் குடித்தவர்கள். கூட்டம் விலகி வழிவிட்டது. யானை ஒரு இரும்புக் குழாயோடு வந்துகொண்டிருந்தான்.

அவள் பார்வை தற்செயலாக வாசல் பக்கம் போனது. மேனேஜரின் கார் வெளியே திரும்பிக்கொண்டிருந்தது. கண்ணாடியை ஏற்றியிருந்தார்.

அவள் கொழுந்தன்மேல் குப்புற விழுந்தாள்.

"நவுருங்கக்கா" என்றான் யானை.

"மாட்டேன்."

"நவுருங்க. உங்களை அடிச்சிடுவேன்."

"அடி. இவன் செத்துட்டா, யாரு பூட்டச் சொன்னதுன்னு யாரு சொல்லுவா? அந்தாளு அங்க கார்ல போறான் பாரு. எல்லாத்தையும் செத்தவன் தலையில கட்டிட்டு நிம்மதியாத் தூங்குவான். எனக்கு இவன் வாய் வேணும்."

குழாய் இறங்கியது. அவள் முழங்கைக்குக் கீழே எலும்பு இரண்டாக முறிந்தது. அவள் நகரவில்லை. இன்னொரு முறை ஓங்கிய யானை, அப்படியே நின்று, குழாயை ஃபோர்க்லிஃப்ட்டின்மேல் எறிந்தான். பிறகு போய் மனைவியின் தலைமாட்டில் உட்கார்ந்துகொண்டான். தீயணைப்பு வண்டிகள் வந்து நெடுநேரம் தண்ணீர் அடித்தன. அணைந்தது என்று நினைத்த அடுக்குகள் மறுபடி மறுபடி பற்றின.

கொழுந்தனின் இடது கண்ணைக் காப்பாற்ற முடியவில்லை. விலா எலும்புகள் முறிந்திருந்தன. மருத்துவமனையில் போலீஸ் வந்து கேட்டபோது, "கண்ணு வெடிச்சதுல போச்சு" என்றான்.

"இல்ல. நான்தான் அடிச்சேன்" என்றாள் அவள், கட்டுப்போட்ட கையோடு கட்டிலருகே நின்று.

போலீஸ்காரர்கள் அவளையும் அவனையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, அவன் சொன்னதையே வைத்துக்கொண்டார்கள்.

ஆனால் பூட்டச் சொன்னது யார் என்ற கேள்விக்கு அவன் உண்மையைச் சொல்லவில்லை. "நானாத்தான் பூட்டினேன்" என்று சுவரைப் பார்த்துச் சொன்னான். மேனேஜரின் வக்கீல் அவளுக்கு முன்பே வந்து போயிருந்தார்.

வீட்டில் கணவன் அவளோடு சரியாகப் பேசவில்லை. ஒருநாள் அவள் கைக்கட்டை மாற்றிவிட்டுக்கொண்டே சொன்னான்: "அவன் என் கூடப் பிறந்தவன். பாதி கொன்னுட்ட. மீதியையும் கோர்ட்டுக்கு இழுத்துத்தான் முடிக்கணுமா?"

"நானும் அவனுக்குச் சோறு போட்டவதான். எனக்குக் கையும் வலிக்குது, வயிறும் எரியுது. நீ எதை ஆத்துவ?"

அவன் கட்டின் முடிச்சைக் கொஞ்சம் தளர்த்திவிட்டான்.

கொழுந்தன் எழுந்து உட்காரத் தொடங்கிய அன்று, அவள் அவனைச் சக்கர நாற்காலியில் உட்காரவைத்து, ஒற்றைக் கையால் தள்ளிக்கொண்டு கீழ்த்தளத்துக்குப் போனாள். எங்கே என்று அவன் கேட்கவில்லை. தீக்காயப் பிரிவின் கதவைப் பார்த்ததும், "வேணாம் அண்ணி" என்றான். அவள் தள்ளிக்கொண்டே போனாள்.

முடி எரிந்த பெண் கொசுவலைக்குள் படுத்திருந்தாள். கழுத்திலிருந்து இடுப்புவரை வெள்ளை மருந்து. குரல் கம்மிப் போயிருந்தது. வந்தது யாரென்று பார்த்தாள்.

"உங்களைத்தான் கூப்பிட்டோம் சார்" என்றாள். "சாவி உங்ககிட்டன்னு எல்லாருக்கும் தெரியும்ல. குயிலு சொன்னா, சாரு வந்துடுவாரு, கதவ விட்டு நவுராதீங்கன்னு. நாங்க அதை நம்பித்தான் அங்கயே நின்னோம். நீங்க வந்தீங்களாமே. வந்துட்டு நின்னீங்களாம்."

கொழுந்தன் அழுதான். கட்டுப் போட்ட கண்ணின் பக்கத்திலும் ஈரம் படர்ந்தது. அவள் நாற்காலியைத் திருப்பவில்லை. அவன் அழுது முடிக்கும்வரை அங்கேயே பிடித்துக்கொண்டு நின்றாள். அவனைச் சமாதானப்படுத்த அவளுக்குக் கை வரவில்லை.

மறுநாள் விசாரணை அதிகாரியிடம் அவன் எல்லாவற்றையும் சொன்னான். சங்கிலி யார் உத்தரவு, கட்டரை எடுத்து ஒளித்தது யார் பேச்சைக் கேட்டு, உப்பிய செல்களை அழுத்தி ஒட்டியது எந்த அறையில், எல்லாம். தான் பயந்து நின்றதையும் சொன்னான். அதை அவனிடம் யாரும் கேட்டிருக்கவில்லை.

வழக்கு இழுத்துக்கொண்டே போனது. மேனேஜருக்கு நீண்ட சிறை. கொழுந்தனுக்குச் சில வருடம். முதலாளிகள் அபராதத்தோடு தப்பித்துக்கொண்டார்கள். தொழிற்சாலை மறுபடி திறந்தபோது ஊறல் அறை தனிக் கட்டடமாக, நாலு பக்கமும் தள்ளினால் திறக்கும் கதவுகளோடு இருந்தது. விசிலக்கா அங்கே வேலைக்குத் திரும்பினாள். யானை திரும்பவில்லை.

ஆனால் ஒரு விசாரணைக்குக்கூட யானை வராமல் இருந்ததில்லை. கடைசி வரிசையில் இரண்டு பேர் இடத்தை அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பான். தீர்ப்பு வந்த அன்று படியில் அவளைக் கடந்துபோனவன் நின்றான்.

"கை எப்படி இருக்கு?"

"மழை வந்தா குத்துது."

"குத்தட்டும்" என்றான். ஒரு படி இறங்கித் திரும்பினான். "எனக்கும் தூக்கம் வர்றதில்ல" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனான்.

கொழுந்தன் சிறைக்குப் போகும் நாளன்று மூன்று பேரும் ஒன்றாகச் சாப்பிட உட்கார்ந்தார்கள். கணவன் அன்று வேலைக்குப் போகவில்லை.  கொழுந்தன் தண்ணீர் டம்ளருக்காகக் கையை நீட்டினான். ஒற்றைக் கண்ணுக்குத் தூரம் பிடிபடாமல் விரல்கள் வெறும் மேசையைத் தொட்டன. மறுபடி நீட்டினான். அவள் டம்ளரை அவன் கைக்குள் நகர்த்தி வைத்துவிட்டு, அவன் தட்டில் இன்னொரு கரண்டி சோறு போட்டாள்.