மூழ்கிய காண்டிக்கு ஒரு கல்

நினைவுக்கல்லைத் திறக்க ஐந்தரை மணி நேரம் இருந்தபோது, அந்தக் கல்லில் பெயர் வெட்டப்பட்டிருந்த காண்டி மெக்ஃபேடன் பேருந்திலிருந்து இறங்கினான். கையில் ஒரு பை. தலையில் முடி இல்லை. மற்றபடி அவனேதான்.

முதலில் பார்த்தவர் மதுக்கடை ஹ்யூகி. சிலுவைக்குறி போட்டுக்கொண்டார். பிறகு அவனை உள்ளே இழுத்துக் கதவைச் சாத்தி, மானஸ் பாய்லுக்கு ஆள் அனுப்பினார்.

மானஸ் வந்து பார்த்தான். நாற்காலியைத் தடவி உட்கார்ந்தான். டோனிகால் கரையில் அவன் கட்டிய பாட்டுகள் ஏராளம். அவனுக்குச் சோறு போட்டது ஒன்றுதான். முப்பத்தோரு வருஷத்துக்கு முன் காண்டியின் படகு ஆளில்லாமல் கரை ஒதுங்கியது. அந்த வாரமே மானஸ் ஒப்பாரி கட்டினான். பாஸ்டன்வரை போய்ப் பாடினான். போன இடமெல்லாம் அழுதார்கள்.

"கிளாஸ்கோல கேட்டேன்டா," என்றான் காண்டி. "பின்வரிசைல உக்காந்து நானும் அழுதேன். ஆனா மூணாவது சரணத்துல நான் 'அம்மா'ன்னு கத்துறேன் பாரு, அது நல்லா இல்ல."

"படகு எப்படிடா காலியா வந்துச்சு?"

"துறைல கட்டிட்டுதான் போனேன். அவுந்துபோச்சு."

"நீ என்னிக்குடா ஒழுங்கா முடிச்சுப் போட்ட," என்றார் ஹ்யூகி. "இப்ப எதுக்கு வந்த?"

"என் பேர்ல கல் வைக்கிறாங்க. பாக்க ஆசை இருக்காதா?"

"நாலு மணிவரைக்கும் செத்தே இரு. இருநூறு சாண்ட்விச் சொல்லியிருக்கு."

மானஸுக்குக் கல்லும் சாண்ட்விச்சும் கவலையில்லை. சாண்ட்விச் செய்துகொண்டிருந்த கிரானியாதான் கவலை. இன்று அவன் மனைவி. அன்று காண்டிக்கு நிச்சயமானவள். பாட்டின் கடைசிச் சரணத்தில் அவள் கரையில் நின்று கடலிடம் ஒரு கேள்வி கேட்பாள். அதை மானஸ் எங்கே பாடினாலும் நிஜக் கிரானியா எழுந்து வெளியே போய்விடுவாள். தோள் குலுங்கும். மானஸ் ஒருநாளும் பின்னால் போனதில்லை. செத்தவனோடு யார் போட்டி போடுவது என்று மனதைத் தேற்றிக்கொள்வான். இப்போது செத்தவன் எதிரே சூப் குடித்துக்கொண்டிருந்தான். கிரானியா பார்த்தால் அவன் பையை அவளே தூக்கிக்கொண்டு கிளம்பிவிடுவாள் என்று மானஸுக்குத் தோன்றியது.

"ஏன்டா போன?"

"சொல்ல மாட்டேன்னு வாக்குக் குடுத்திருக்கேன்."

"யாருக்கு?"

காண்டி ரொட்டியால் கிண்ணத்தைத் துடைத்துத் தின்றான். "பாட்டைப் பாடுடா. உயிரோட இருக்கறப்பவே ஒருதரம் பக்கத்துல கேட்டுக்கறேன்."

மறுக்க முடியவில்லை. மானஸ் கண்ணை மூடிப் பாடினான். சோகப்பாட்டு பாடுகிறவன் கையைப் பக்கத்தில் இருப்பவர் பிடித்து மெல்லச் சுற்றிக்கொடுப்பது அந்த ஊர் வழக்கம். காண்டி பிடித்துச் சுற்றினான். மூழ்கியவனின் கை வெதுவெதுப்பாக இருந்தது. மூன்றாவது சரணத்தில் மானஸ் 'அம்மா'வை விட்டுவிட்டான்.

கடைசிச் சரணத்தில் கண்ணைத் திறந்தான். பின்வாசலில் தட்டோடு கிரானியா. காண்டியைப் பார்த்துக்கொண்டு நின்றாள். தோள் குலுங்கியது. இந்தத் தடவை அவள் வெளியே போகவில்லை. முகம் நேராகத் தெரிந்தது.

அவள் சிரித்துக்கொண்டிருந்தாள்.

கடைசி வரியைப் பாடக் கூடாது, பேச வேண்டும். அதுவும் வழக்கம்தான். காண்டி கையைச் சுற்றிக்கொண்டே இருந்தான். ஒருவழியாக மானஸ் பேசினான்: "கடலே, என் காண்டியை உன்னிடம் அனுப்பியது யார்?"

கிரானியா தட்டை மேஜையில் வைத்தாள்.

"இவன் அக்கரைக்குப் போய் இறங்குன சேதி வர்றதுக்குள்ள நீ பாட்டுக் கட்டிட்ட, மானஸ். ஊரே அழுதுட்டு இருந்துச்சு. நான் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுச் சொல்ல? எனக்குப் பிடிச்சது உன்னைத்தான். நீயா வந்து பொண்ணு கேக்கவே ரெண்டு வருஷம் ஆச்சு." இடுப்பில் கட்டியிருந்த சமையல் துணியில் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "நான்தான் அனுப்பினேன். கப்பல் டிக்கெட்டும் நான்தான் எடுத்தேன்."